ஜெர்மன் சினிமா பேசத் தொடங்கியபோது: துணை நடிகர் குர்ட் கெரோனும் அவர் காலமும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

குர்ட் கெரோன் யார்?

1897 மே 11 அன்று பெர்லினில் பிறந்தவர். இயற்பெயர் குர்ட் கெர்சோன். மருத்துவம் படிக்கப் போன இடத்தில் முதல் உலகப் போர் குறுக்கிட்டது. போரில் படுகாயம் அடைந்து, 1920 வாக்கில் மேடைக்கு வந்தார். பெருத்த உடம்பு, கனத்த தாடை, இரவெல்லாம் சுருட்டுப் புகைத்தவர் போன்ற குரல். ஊமைப்படங்களில் இவருக்குக் கிடைத்தது பெரும்பாலும் அந்த உடம்புக்கான வேடங்கள்தான்: ரவுடி, மதுக்கடைக்காரர், பணக்காரப் பொறுக்கி. 1929-இல் ஜி. டபிள்யூ. பாப்ஸ்ட் இயக்கிய ‘டாகெபுக் ஐனர் ஃபெர்லோரெனென்’ படத்தில் டாக்டர் விட்டாலிஸாக வருபவர் இவரே.

அவர் கதாநாயகனாக நடித்தவர் இல்லை. ஆனால் 1928 ஆகஸ்ட் 31 அன்று பெர்லின் ஷிஃப்பவுவர்டாம் அரங்கில் ‘டிரைக்ரோஷன்ஓப்பர்’ என்ற இசைநாடகம் முதன்முறை மேடையேறியபோது, தொடக்கத்தில் கத்திக்கார மெக்கியைப் பற்றிய தெருப்பாட்டைப் பாடியது அவர்தான். அதே நாடகத்தில் போலீஸ் அதிகாரி பிரவுன் வேடமும் அவருக்கே. படங்கள் பேசத் தொடங்கியபோது கெரோன் கையில் எடுத்துக்கொண்டு வந்த மூலதனம் அந்தக் குரல்தான்.

‘துணை நடிகர்’ என்று அன்றைய பெர்லினில் யாரைச் சொன்னார்கள்?

மூன்று படிகள் உண்டு. கடைசிப் படியில் கூட்டத்தில் நிற்பவர்கள், அதாவது கோம்பார்ஸ். இவர்களுக்கு நாள் கூலி. பெயர் எங்கும் வராது. அடுத்த படியில், ஒன்றிரண்டு வரி வசனத்தோடு ஒரு நாள் வந்து போகும் வேடக்காரர்கள். அதற்கு மேலே ‘ஷார்ஜென்ஷ்பீலர்’: பத்து நிமிடமே வந்தாலும் படம் முடிந்த பிறகும் மனதில் நிற்கும் குணச்சித்திர நடிகர். கெரோன், ரோசா வலெட்டி, ஓட்டோ வால்பர்க் எல்லாரும் இந்த மூன்றாம் படி. இந்தப் பக்கத்தில் துணை நடிகர் என்றால் இவர்களையே குறிக்கிறோம்.

ஜெர்மனியில் படம் எப்போது பேச ஆரம்பித்தது?

கருவி முன்பே தயாராக இருந்தது. ஹான்ஸ் ஃபோக்ட், யோ எங்ல், யோசெஃப் மாசோல் ஆகிய மூவரும் ‘ட்ரை-எர்கோன்’ முறையில் ஒலியைப் படச்சுருளிலேயே பதிந்து, 1922 செப்டம்பர் 17 அன்று பெர்லின் அல்ஹாம்ப்ரா திரையரங்கில் பொதுமக்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். வணிகம் நகர இன்னும் ஆறேழு ஆண்டு பிடித்தது. 1928-இல் டோபிஸ் நிறுவனமும், சீமென்ஸ், ஏஇஜி ஆகிய மின்கருவி நிறுவனங்கள் சேர்ந்து தொடங்கிய கிளாங்ஃபில்ம் நிறுவனமும் வந்தன. இரண்டும் 1929-இல் கைகோத்துக்கொண்டு, காப்புரிமையைக் காட்டி அமெரிக்கக் கருவிகளை வழக்குகளால் தடுத்தன. அந்தச் சண்டை தீர்ந்தது 1930 ஜூலை பாரிஸ் ஒப்பந்தத்தில்தான்.

முழுநீளப் படங்கள் 1929-இன் கடைசி மாதங்களில் மளமளவென்று வந்தன. ‘அட்லாண்டிக்’ படத்தின் ஜெர்மன் பதிப்பு இங்கிலாந்தின் எல்ஸ்ட்ரீயில் எடுக்கப்பட்டு அக்டோபர் 28 அன்று பெர்லினில் வெளியானது. ஊஃபா நிறுவனத்தின் முதல் முழுநீளப் பேசும்படம் ‘மெலோடி டெஸ் ஹெர்ட்சென்ஸ்’ டிசம்பர் 16 அன்று வந்தது. ஊமைப்படமாகத் தொடங்கி நடுவழியில் பேசும்படமாக மாற்றப்பட்டது அது. ஒரு வாரம் கழித்து ‘டீ நாஹ்ட் கெஹோர்ட் உன்ஸ்’. இரண்டே ஆண்டுகளில், புதிதாக ஊமைப்படம் எடுப்பது கிட்டத்தட்ட நின்றே போனது.

மைக் வந்ததும் பல நடிகர்கள் வேலை இழந்தார்கள் என்பது உண்மையா?

ஹாலிவுட்டைப் பற்றிச் சொல்லும் கதையை அப்படியே பெர்லினுக்குத் தூக்கிக்கொண்டு வருகிறார்கள். ஜெர்மனியில் அது பாதிகூடப் பொருந்தாது. பெர்லின் நடிகர்களில் பெரும்பாலோர் பகலில் படப்பிடிப்பிலும் இரவில் நாடக மேடையிலும் வேலை பார்த்தவர்கள். கடைசி வரிசை வரை குரல் எட்டவைக்கத் தெரிந்தவர்களுக்கு மைக் ஒரு பிரச்சினையே இல்லை. பிரச்சினை எதிர்ப்பக்கம் இருந்தது: மேடைக் குரலைக் குறைத்துப் பேசப் பழக வேண்டியிருந்தது.

உண்மையில் அடி வாங்கியது இரண்டு தரப்பு. ஒன்று, முகத்தை மட்டும் நம்பி நட்சத்திரமானவர்கள். இன்னொன்று, வேற்றுமொழிக்காரர்கள். ஊமைப்பட பெர்லினில் டேனிஷ், ஹங்கேரி, ரஷ்ய, இத்தாலிய நடிகர்கள் நிறைய இருந்தார்கள். உச்சரிப்பு அவர்களைக் காட்டிக்கொடுத்தது. எதிர்த்திசையிலும் இதே கதைதான். எமில் யானிங்ஸும் கோன்ராட் ஃபைட்டும் 1929-இல் ஹாலிவுட்டை விட்டு பெர்லினுக்குத் திரும்பியதற்கு ஆங்கில உச்சரிப்பு ஒரு முக்கியக் காரணம்.

துணை நடிகர்களுக்கோ அது பொற்காலம். ஹான்ஸ் ஆல்பர்ஸ் ஊமைப்படங்களில் நூறுக்கு மேல் வேடம் போட்டும் யாரும் பெரிதாகத் திரும்பிப் பார்க்கவில்லை. ‘டீ நாஹ்ட் கெஹோர்ட் உன்ஸ்’ படத்தில் வாயைத் திறந்ததும் நாட்டின் முதல்நிலை நாயகனாகிவிட்டார். வால்பர்க்கின் தனித்தன்மை படபடவென்று சொற்களை விழுங்கிப் பேசுவது; ஊமைப்படத்தில் அதற்கு என்ன மதிப்பு? ஹங்கேரிக்காரரான ஸோக்கெ ஸகால் தன் உச்சரிப்பையே நகைச்சுவையாக்கிப் பிழைத்துக்கொண்டார். நாயகனுக்குக் குறையாகப் பட்டது நகைச்சுவை நடிகருக்குச் சொத்தானது. கெரோனும் இந்தப் பட்டியலில்தான் வருகிறார். அவரைப் போன்றவர்களின் தொழிலை முடித்தது ஒலி என்று எழுதும் கட்டுரைகளை நம்ப வேண்டாம். முடித்தது 1933-இல் வந்த நாஜி ஆட்சி.

படப்பிடிப்புத் தளத்தில் நடிகருக்கு என்ன மாறியது?

முதலில் கட்டடமே மாறியது. ஊமைப்படக் காலத்தில் ஒரே கூரையின் கீழ் இரண்டு மூன்று படங்கள் நடக்கும். ஒரு பக்கம் தச்சர் ஆணி அடிப்பார், மறுபக்கம் நாயகி அழுவார், இயக்குநர் குரல் கொடுத்துக்கொண்டே இருப்பார். இதெல்லாம் ஒரே நாளில் நின்றது. ஊஃபா 1929-இல் பெர்லினை அடுத்த பாபெல்ஸ்பெர்க்கில் ‘டோன்கிரோய்ட்ஸ்’ என்ற ஒலித்தளத்தைக் கட்டியது: சன்னல் இல்லாத செங்கல் சுவருக்குள் நான்கு அரங்குகள், சிலுவை வடிவில்.

கேமரா ஓடும் சத்தம் மைக்கில் விழாமலிருக்க, கேமராவையும் ஒளிப்பதிவாளரையும் ஒலி புகாத கூண்டுக்குள் அடைத்தார்கள். கூண்டு சுலபமாக நகராது. அதனால் 1929-30 படங்களில் நடிகர் இருக்கும் இடத்துக்குக் கேமரா போவதில்லை, கேமரா இருக்கும் இடத்துக்கு நடிகர் வருகிறார். கார்பன் ஆர்க் விளக்குகள் ‘ஸ்ஸ்’ என்று இரையும் என்பதால் இழை விளக்குகளுக்கு மாறினார்கள். இவை சத்தம் போடாது, ஆனால் சூடு அதிகம். கதவு சாத்திய தளத்தில், கம்பளிக் கோட்டும் ஒட்டுமீசையுமாக நிற்கும் பருத்த நடிகருக்கு அந்தச் சூடு எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள்.

மைக்கைப் பொறுத்தவரை, கரித்தூள் நிரப்பிய பளிங்குக் கட்டிக்குள் அமைந்த ரைஸ் மைக் பரவலாக இருந்தது. 1928-இல் நோய்மன் நிறுவனத்தின் பாட்டில் வடிவக் கண்டென்சர் மைக்கும் வந்துவிட்டது. இரண்டுமே கனமானவை, பேச்சாளரைத் தொடர்ந்து சுலபமாக நகர்த்த முடியாது. மைக்கின் எல்லையைத் தாண்டித் தலையைத் திருப்பினால் குரல் மங்கும். பட்டுத்துணி சரசரக்கும், கஞ்சி போட்ட காலர் மொறுமொறுக்கும், கடிதத்தைப் பிரித்தால் பட்டாசு வெடிப்பது போலக் கேட்கும். உயர்ந்த அதிர்வெண்கள் சரியாகப் பதியாததால் ‘ஸ்’, ‘ஷ்’, ‘ட்ஸ்’ ஒலிகள் மழுங்கின. ஜெர்மன் மொழியில் இவை இல்லாமல் ஒரு வாக்கியம்கூட நகராது. பாட்டும் பகடியும் கலந்த கேபரே மேடையில் ஒவ்வொரு மெய்யெழுத்தையும் கடித்துத் துப்பிப் பழகியவர்கள் இங்கே தனித்துத் தெரிந்தது அதனால்தான்.

இன்னொரு முக்கியமான கட்டுப்பாடு: பதிவான பிறகு ஒலிகளைக் கலப்பது அப்போது கடினம், தரமும் கெடும். ஆகவே பின்னணி இசை வேண்டுமென்றால் வாத்தியக் குழு தளத்திலேயே, படச்சட்டத்துக்கு வெளியே உட்கார்ந்து வாசிக்க வேண்டும். ஐந்தாவது நிமிடத்தில் ஒரு துணை நடிகர் வரியை மறந்தால் பாட்டு, கூட்டம், இசை எல்லாவற்றையும் முதலிலிருந்து எடுக்க வேண்டும். வரி தவறாதவருக்கு அடுத்த வாய்ப்பு நிச்சயம்.

‘டெர் ப்ளாவ எங்ஙல்’ படத்தில் கெரோனின் பங்கு எவ்வளவு?

இது நீலத் தேவதை என்ற இரவு விடுதியின் பெயரைக் கொண்ட படம். யோசெஃப் ஃபான் ஸ்டெர்ன்பெர்க் இயக்கம், எரிஹ் பொம்மர் தயாரிப்பு. 1929 நவம்பரிலிருந்து 1930 ஜனவரி வரை பாபெல்ஸ்பெர்க்கில் எடுக்கப்பட்டு, 1930 ஏப்ரல் 1 அன்று பெர்லின் குளோரியா-பலாஸ்டில் வெளியானது. பேராசிரியர் ராட்டாக யானிங்ஸ், பாடகி லோலாவாக மார்லேன டீட்ரிஹ். ஊர் ஊராகப் போகும் குழுவின் தலைவரும் மந்திரவாதியுமான கீபெர்ட்தான் கெரோன். அவர் மனைவியாக ரோசா வலெட்டி.

ஒரு விஷயத்தை மட்டும் கவனித்துப் பாருங்கள்: முட்டை. திருமண விருந்தில் கீபெர்ட் மணமகனின் மூக்கடியிலிருந்து முட்டையை வரவழைத்துக் காட்டுகிறார். லோலா கோழி போலக் கொக்கரிக்க, பேராசிரியர் மகிழ்ச்சியில் சேவல் போலக் கூவுகிறார். பிற்பகுதியில் அதே பேராசிரியர் கோமாளி வேடத்தில் தன் சொந்த ஊர் மேடையில் நிற்க, கீபெர்ட் முட்டையை அவர் தலையில் உடைத்து, கூவச் சொல்லி நெருக்குகிறார். அங்கே வெளிவரும் கூவல் மனிதக் குரலே இல்லை. இந்த இரண்டு கூவலுக்கும் அடி எடுத்துக் கொடுப்பது கெரோனின் குரல். முதல் காட்சியில் விருந்துக்காரரின் செல்லக் குரல். இரண்டாவதில் பார்வையாளர்களைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே, பல்லிடுக்கில் மிரட்டும் குரல். வசனம் அதிகமில்லை. ஊமைப்படத்தில் இந்த இரண்டு நிலையையும் எழுத்துப் பலகை போட்டுத்தான் சொல்லியிருக்க வேண்டும்.

ஒலியின் புதுமைக்கு இதே படத்தில் இன்னொரு சான்று: மேடைக்குப் பின்னால் உள்ள அறையின் கதவு திறந்தால் பாட்டு உள்ளே பாய்கிறது, சாத்தினால் அறுந்துபோகிறது. கெரோன் அந்தக் கதவு வழியாகத்தான் போய்வந்துகொண்டே இருக்கிறார்.

ஒரே படத்தைப் பல மொழியில் எடுத்தபோது துணை நடிகருக்கு என்ன ஆனது?

டப்பிங் நம்பும்படி இல்லாத அந்தச் சில ஆண்டுகளில், அதே தளத்தில், அதே உடையில், ஒரு காட்சி ஜெர்மனில் முடிந்ததும் ஆங்கிலத்திலோ பிரெஞ்சிலோ மறுபடி எடுப்பார்கள். பன்மொழி தெரிந்த நட்சத்திரம் தங்குவார், தெரியாதவர் மாறுவார். லண்டனில் பிறந்த லிலியன் ஹார்வி மூன்று மொழியிலும் நடித்தார்; அவருடைய ஜோடி வில்லி ஃபிரிட்ஷுக்குப் பதில் பிரெஞ்சுப் பதிப்புகளில் ஆன்ரி காரா வந்தார். துணை நடிகர்களுக்கான கணக்கு எளிது. வசனம் அதிகமுள்ள வேடத்துக்கு அந்தந்த மொழி நடிகர் வருவார். பேசாமல் நிற்கும் வேடம் மாறாது. இரண்டு மூன்று வரி என்றால், உச்சரிப்பைக் காதால் கேட்டு மனப்பாடம் செய்துகொண்டு அதே ஆள் நடிப்பார்.

‘டெர் ப்ளாவ எங்ஙல்’ படத்தின் ஆங்கிலப் பதிப்பும் இப்படி இணையாக எடுக்கப்பட்டதே. பேராசிரியர் ஆங்கிலம் கற்பிக்கிறார், லோலா ஆங்கிலம் பேசுபவள் என்று கதையையே கொஞ்சம் வளைத்தார்கள். கெரோன் அதிலும் உண்டு. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் ஜெர்மன் பதிப்பில் அவருக்கு இருக்கும் வேகம் ஆங்கிலத்தில் இல்லை என்பது உடனே தெரியும்.

உங்களிடம் இருப்பது எந்தப் பதிப்பு என்று தெரியாவிட்டால், பெயர்ப்பட்டியலைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள்; அது பின்னாளில் ஒட்டப்பட்டதாக இருக்கலாம். வாயசைவையும், சுவரிலுள்ள அறிவிப்புகள் எந்த மொழியில் உள்ளன என்பதையும், கையில் பிடிக்கும் கடிதத்தின் மொழியையும் பாருங்கள்.

ஒரு படத்தில் வரும் நடிகரின் பெயர் திரையில் இல்லை. எப்படிக் கண்டுபிடிப்பது?

அந்தக் காலப் பெயர்ப்பட்டியல் மிகச் சுருக்கமானது. பல படங்களில் யார் என்ன வேடம் என்றுகூட இருக்காது. வேலையை இந்த வரிசையில் செய்தால் நேரம் மிச்சமாகும்.

முதலில் படத்தின் அசல் ஜெர்மன் தலைப்பு, ஆண்டு, இயக்குநர் மூன்றையும் உறுதிசெய்யுங்கள். ஏற்றுமதித் தலைப்பை வைத்துத் தேடினால் வேறு படத்துக்குப் போய்விடுவீர்கள். பிறகு ஃபிராங்க்ஃபர்ட்டில் உள்ள ஜெர்மன் திரைப்பட நிறுவனம் நடத்தும் ‘ஃபில்ம்போர்ட்டல்’ தளத்தில் நடிகர் பட்டியலைப் பாருங்கள். அதில் இல்லையென்றால் ‘இலுஸ்ட்ரியெர்ட்டர் ஃபில்ம்-குரியர்’ எனும் படநிகழ்ச்சிச் சிற்றேடு. திரையரங்கில் விற்ற இந்தச் சிற்றேட்டில் கதைச்சுருக்கம், படங்கள், நடிகர் பட்டியல் எல்லாம் இருக்கும். படம் வெளியாவதற்கு முன்பே அச்சானதால், கடைசி நேரத்தில் வெட்டப்பட்ட வேடத்தின் பெயரும் அதில் இருக்கலாம். பட்டியலில் பெயர் இருக்கிறது என்பதற்காக ஆள் படத்தில் இருக்கிறார் என்று எழுதிவிடாதீர்கள்.

அடுத்தது தணிக்கை அட்டை. 1920 மே மாதச் சட்டத்துக்குப் பிறகு ஒவ்வொரு படமும் பெர்லின் அல்லது மியூனிக் தணிக்கை அலுவலகத்தின் வழியாகத்தான் போனது. ஒவ்வொரு பிரதியோடும் ஓர் அட்டை கூடவே போகும். நடிகர் பெயரைவிட, படத்தின் நீளம், தேதி, வெட்டப்பட்ட பகுதி ஆகியவற்றுக்கு இதுவே நம்பகமான ஆதாரம்.

நடிகர் மேடைக்காரர் என்று தோன்றினால், ஆண்டுதோறும் வந்த ஜெர்மன் நாடக ஆண்டுமலரில் அந்தப் பருவத்துக் குழுக்களைத் தேடலாம். ரோசா வலெட்டி போன்றவர்களின் படப்பட்டியல் குழப்பம் தரும்போது மேடைத் தேதிகள் கைகொடுக்கும்: ஒருவர் இரவு எட்டு மணிக்கு பெர்லினில் மேடையில் நின்றிருந்தால், அன்று பாரிஸில் படப்பிடிப்பில் இருந்திருக்க முடியாது.

பெயர்களில்தான் அதிகம் சறுக்கும். குர்ட் என்பதைச் சிலர் K-யில், சிலர் C-யில் தொடங்கி எழுதுவார்கள், கார்லும் அப்படித்தான். மேல்புள்ளி இட்ட உயிரெழுத்துகள் சில பட்டியல்களில் இரட்டை உயிராக விரியும், சிலவற்றில் புள்ளியே காணாமல்போகும். பழைய ஃபிராக்டுர் எழுத்தில் அச்சான செய்தித்தாள்களைக் கணினி படிக்கும்போது நீண்ட ‘எஸ்’ எழுத்து ‘எஃப்’ ஆகிவிடும். இத்தனைக்கும் சேர்த்துத் தேட வேண்டும். ‘டெர் ப்ளாவ எங்ஙல்’ படத்தில் விடுதிக்காரராக வரும் ஹங்கேரி நகைச்சுவை நடிகர் கார்ல் ஹூஸார்-பஃபி, ஊருக்கு ஊர் வேறு பெயரில் இருப்பார்: ஹங்கேரியில் காரோய் ஹூஸார், ஹாலிவுட்டில் சார்ல்ஸ் பஃபி.

கடைசி வழி, முகத்தை வைத்து ஒப்பிடுவது. ஒப்பனை மூக்கையும் புருவத்தையும் மாற்றும், காதை மாற்றாது. காதுமடல் கன்னத்தோடு ஒட்டியிருக்கிறதா, தொங்குகிறதா என்று பாருங்கள். புகைப்படம் இடவலம் மாறி அச்சாகியிருக்கலாம்; ஆண்களின் கோட்டில் இடப்பக்கம் வலப்பக்கத்தின் மேல் வந்து பொத்தான் மாட்டும், மாறி இருந்தால் படம் இடவலம் மாறிய பிரதி. ஆவணக் காப்பகத்துக்குக் கேள்வி அனுப்பும்போது தலைப்பு, ஆண்டு, காட்சி வரும் நிமிடம், எந்தப் பிரதியிலிருந்து எடுத்தீர்கள், ஒரு தெளிவான திரைப்பிடிப்பு இவ்வளவும் சேர்த்து அனுப்புங்கள். “இந்த ஆள் யார்?” என்று மட்டும் கேட்டால் பதில் வராது.

தணிக்கை அட்டையில் நீளம் மீட்டரில் இருக்கிறது. நிமிடமாக எப்படி மாற்றுவது?

35 மி.மீ. சுருளில் ஒரு மீட்டருக்கு ஏறத்தாழ 52.5 சட்டங்கள் (ஃபிரேம்கள்). பேசும்படம் வினாடிக்கு 24 சட்டம் ஓடும், அதாவது நிமிடத்துக்குச் சுமார் 27.4 மீட்டர். மீட்டரை 27.4-ஆல் வகுத்தால் போதும். ‘டெர் ப்ளாவ எங்ஙல்’ 2,965 மீட்டர். 108 நிமிடம் வருகிறது. ஃபிரிட்ஸ் லாங்கின் ‘எம்’ 3,208 மீட்டர், 117 நிமிடம். இன்று கிடைக்கும் மீட்டெடுத்த ‘எம்’ 110 நிமிடம் வாக்கில்தான் ஓடுகிறது என்றால், மீதி காணவில்லை என்று பொருள்.

ஊமைப்படத்துக்கு இந்தக் கணக்கைப் போடக்கூடாது. அதற்கு நிலையான வேகம் கிடையாது. 2,000 மீட்டர் படம் வினாடிக்கு 20 சட்டத்தில் 87 நிமிடம், 24 சட்டத்தில் 73 நிமிடம். ஒலித்தடம் இருந்தால் வேகத்தைக் கூட்டிக் குறைக்க முடியாது, குரலே மாறிவிடும்.

பழைய டிவிடியில் நடிகரின் குரல் மெலிந்து கேட்கிறது. தலை வேறு வெட்டுப்படுகிறது. ஏன்?

இரண்டும் தனித்தனிக் கோளாறு. ஐரோப்பியத் தொலைக்காட்சியின் ‘பால்’ (PAL) முறை வினாடிக்கு 25 சட்டம். 24 சட்டப் படத்தை அப்படியே அதில் ஓட்டினால் நான்கு சதவீதம் வேகம் கூடும். 108 நிமிடம் 104 ஆகும், குரலும் ஏறக்குறைய முக்கால் அரைச்சுரம் ஏறும். கெரோன் போன்ற கனத்த குரலுக்கு இது பெரிய அநியாயம். ஒருவரின் குரலைப் பற்றி எழுதப்போகிறீர்கள் என்றால் 24 சட்டத்தில் ஓடும் ப்ளூ-ரே பிரதியைக் கேட்டுவிட்டு எழுதுங்கள்.

தலை வெட்டுப்படுவது சட்ட அளவினால். ஊமைப்படச் சட்டம் 1.33-க்கு 1. ஒலித்தடத்துக்கு ஓரத்தில் இடம் விட்டதும் படம் குறுகி 1.19-க்கு 1 ஆனது, கிட்டத்தட்ட சதுரம். 1932-க்குப் பிறகு 1.37 வந்தது. 1930-31 படத்தை 1.33 அல்லது 1.37-இல் பதிவு செய்தால் மேலும் கீழும் போய்விடும். பின்வரிசையில் நிற்கும் துணை நடிகரின் நெற்றிதான் முதலில் பறிபோகும்.

அவர் நடித்ததாகச் சொல்லும் காட்சி என் பிரதியில் இல்லையே?

அது தற்செயலாக இல்லாமலிருக்கலாம். ‘டீ வைஸ ஹோல ஃபோம் பிட்ஸ் பாலு’ 1929-இல் வந்த ஊமைப்படம். கெரோன் அதில் சிறு வேடம் ஏற்றிருந்தார். 1935-இல் ஒலி சேர்த்து மறுவெளியீடு செய்தபோது, அவர் யூதர் என்பதால் அவர் வந்த பகுதியை நீக்கிவிட்டார்கள். ஆகவே 1933-க்கு முந்தைய படத்தின் பிரதியைக் கையில் எடுத்தால் அது எந்த ஆண்டு வெளியீட்டிலிருந்து வந்தது என்பதை முதலில் பாருங்கள். ‘டீ ட்ரை ஃபோன் டெர் டாங்க்ஷ்டெல’ 1930-இல் நாட்டையே பாடவைத்த படம், அதில் கெரோன் வழக்கறிஞர் கால்முஸ். 1937-இல் அந்தப் படத்தையே தடைசெய்தார்கள்.

ரோஸ் நிறுவனத்தின் நட்சத்திர அஞ்சலட்டை ஆதாரமாகுமா?

முகத்தை உறுதிசெய்ய உதவும், அதற்கு மேல் வேண்டாம்.  துணை நடிகர்களுக்கு அட்டை அபூர்வம்.

1933-இல் என்ன நடந்தது?

அதற்குள் கெரோன் இயக்குநராகவும் ஆகிவிட்டார். 1931-இலிருந்து குறும்படங்கள், பிறகு ஊஃபாவுக்கு முழுநீளப் படங்கள். ஆல்பர்ஸ் நடித்த ‘டெர் வைஸ டேமோன்’ 1932-இல் வந்தது. 1933 மார்ச் 29 அன்று ஊஃபா நிர்வாகக் குழு யூதப் பணியாளர்களின் ஒப்பந்தங்களை முடிக்கத் தீர்மானித்தது. அரசு அதற்கான சட்டத்தை எழுதும் முன்பே எடுத்த முடிவு இது. ஏப்ரல் 1 அன்று, தான் இயக்கிக்கொண்டிருந்த படத்தின் தளத்திலிருந்து கெரோன் வெளியேற்றப்பட்டார். ஜூலை 14-இல் திரைப்பட அவை சட்டம் வந்தது; உறுப்பினராக இல்லாதவருக்கு வேலை இல்லை. இந்த அவையின் கோப்புகள் பெர்லினில் உள்ள கூட்டரசு ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. ஒரு துணை நடிகரின் படப்பட்டியல் 1933-இல் சட்டென்று நின்றால் முதலில் தேட வேண்டிய இடம் அதுவே.

பிறகு அவர் எங்கே போனார்?

பாரிஸ், வியன்னா, பிறகு நெதர்லாந்து. பேசும்படம் இங்கே அவருக்கு எதிராகத் திரும்பியது: ஊமைப்பட நடிகர் எல்லை தாண்டினால் முகம் போதும், பேசும்பட நடிகர் மொழியை விட்டுவிட்டுப் போக வேண்டும். கெரோன் நடிப்பைக் குறைத்து இயக்கத்தில் நின்றார். 1935-இலிருந்து டச்சு மொழியில் படங்கள் எடுத்தார். ‘மெரைன்ச்ச கைசன்ஸ் யூக்ட்’ 1936-இல் வந்தது. டிஸ்னியின் ஸ்னோ ஒயிட் படத்துக்கு டச்சுக் குரல்பதிவை நடத்தியவரும் அவரே. 1940-இல் ஜெர்மன் படை நெதர்லாந்தைப் பிடித்தது. அதே ஆண்டு வந்த ‘டெர் எவிக யூட’ என்ற யூத வெறுப்புப் பிரசாரப் படத்தில், அவருடைய பழைய வேடங்களின் துண்டுகளை, இதுதான் யூதரின் இயல்பு என்று காட்டப் பயன்படுத்தினார்கள். 1943-இல் நெதர்லாந்திலிருந்த வெஸ்டர்போர்க் முகாம், 1944 தொடக்கத்தில் செக் நாட்டிலிருந்த தெரேசியன்ஷ்டாட் முகாம். அங்கே ‘காருசெல்’ என்ற கேபரேவை நடத்தினார். 1944 அக்டோபர் 28 அன்று புறப்பட்ட கடைசி வண்டியில் ஆஷ்விட்ஸ் கொலை முகாமுக்கு அனுப்பப்பட்டு, மனைவியோடு கொல்லப்பட்டார். வால்பர்க்கும் அதே மாதம் அங்கே கொல்லப்பட்டார்.

தெரேசியன்ஷ்டாட் படத்தின் சரியான தலைப்பு என்ன? அதை அவர் படமாகக் கணக்கிடலாமா?

‘ஃப்யூரர் யூதர்களுக்கு ஒரு நகரத்தைப் பரிசளிக்கிறார்’ என்ற தலைப்பு போருக்குப் பிறகு பரவியது; படத்தின் தலைப்பு அது இல்லை. ‘தெரேசியன்ஷ்டாட்: யூதக் குடியேற்றப் பகுதியிலிருந்து ஓர் ஆவணப்படம்’ என்பதே சரி. 1944 ஆகஸ்ட், செப்டம்பரில் நாஜிகளின் எஸ்எஸ் படையின் கட்டளையின்படி, பிராக் நகர ‘அக்டுவாலிட்டா’ நிறுவனத்தின் படக்குழுவை வைத்து எடுக்கப்பட்டது. தளத்தில் கைதிகளை இயக்கியவர் கெரோன். படத்தைத் தொகுத்து முடித்தது 1945 மார்ச்சில், அவர் இறந்த பிறகு, ஒளிப்பதிவாளர் ஈவான் ஃபிரிச்சின் பொறுப்பில். இன்று எஞ்சியிருப்பது 20 நிமிடத்துக்குச் சற்றுக் கூடுதலான துண்டுகள். பட்டியலில் சேர்க்கும்போது ‘கட்டாயத்தின் பேரில்’ என்ற குறிப்போடு சேர்ப்பதும், தொகுப்பு அவருடையது இல்லை என்று சொல்வதும்தான் நேர்மை.

எந்த வரிசையில் பார்க்கலாம்?

முதலில் பாப்ஸ்டின் 1929 ஊமைப்படம். குரல் இல்லாத கெரோன். அடுத்து ‘டெர் ப்ளாவ எங்ஙல்’ ஜெர்மன் பதிப்பு, பிறகு ‘டீ ட்ரை ஃபோன் டெர் டாங்க்ஷ்டெல’. பாப்ஸ்டின் 1931 ‘டிரைக்ரோஷன்ஓப்பர்’ படத்தில் அவரைத் தேட வேண்டாம். தெருப்பாடகராக எர்ன்ஸ்ட் புஷ், பிரவுனாக ரைன்ஹோல்ட் ஷ்யூன்ட்செல். கெரோன் குரலில் அந்த நாடகத்தைக் கேட்க வேண்டுமென்றால் 1930 டிசம்பரில் டெலிஃபுங்கன் நிறுவனம் எடுத்த இசைத்தட்டுப் பதிவு இருக்கிறது. லோட்ட லென்யாவும் உடன் பாடுகிறார்.